செயின் கட்டும் நேரம்: யு-கி-ஓ அட்டையை எப்போது இயக்கலாம்?

யு-கி-ஓ ஆடும் இரண்டு பேர் வாதம் செய்துகொண்டிருந்தால் கொஞ்சம் நின்று கேட்டுப் பாருங்கள். ஒரு அட்டை என்ன செய்யும் என்பதில் பெரும்பாலும் வாதம் இருக்காது. அது அட்டையிலேயே அச்சாகியிருக்கிறது. "அதை இப்போது போட முடியுமா?" என்பதில்தான் குரல் உயரும். புதிதாக ஆட வருகிறவர்கள் என்னிடம் கேட்கும் கேள்விகளிலும் பாதிக்கு மேல் இந்த 'இப்போது'வைப் பற்றியவைதான். ஒவ்வொருவருக்கும் தனித்தனியாகச் சொல்லிக்கொண்டிருந்ததை ஒரே இடத்தில் எழுதிவிடலாம் என்று உட்கார்ந்திருக்கிறேன். கொஞ்சம் நீளமாகப் போகும், பொறுத்துக்கொள்ளுங்கள்.

நேர விதிகளை வெறும் சட்டப் புத்தகமாகப் பார்த்துச் சலித்துக்கொள்கிறவர்கள் நிறையப் பேர். எனக்கு அந்த எண்ணம் இல்லை. இந்த ஆட்டத்தின் அழகு முழுக்க அங்கேதான் இருக்கிறது என்று நம்புகிறேன். சதுரங்கத்தில் உங்கள் முறை வரும்வரை கையைக் கட்டிக்கொண்டு உட்கார்ந்திருக்க வேண்டும். இங்கே எதிராளியின் முறையிலும் நீங்கள் ஆடிக்கொண்டிருக்கிறீர்கள். அவர் ஒரு அட்டையை மேஜையில் வைத்ததும், அது வேலை செய்வதற்கு முன்னால், ஒரு சின்ன இடைவெளி திறக்கிறது. அந்த இடைவெளிக்குள் நுழைய யாருக்கு உரிமை, எந்த அட்டையோடு நுழையலாம், எப்போது கதவு சாத்தப்படும் என்பதுதான் நேர விதி.

ஒரு ஆட்ட நிலையிலிருந்து தொடங்குகிறேன். இன்றைய யு-கி-ஓவில் அன்றாடம் நடப்பது. உங்கள் முறை. ரீஇன்ஃபோர்ஸ்மென்ட் ஆஃப் தி ஆர்மி என்ற ஸ்பெல்லைப் போடுகிறீர்கள். லெவல் 4 அல்லது அதற்குக் கீழுள்ள வாரியர் ஒன்றை டெக்கிலிருந்து கைக்கு எடுத்துக்கொள்ளும் அட்டை அது. நீங்கள் டெக்கைத் தொடுவதற்கு முன்பே எதிராளி தன் கையிலிருந்து ஆஷ் பிளாசமைக் காட்டி கிரேவ்யார்டுக்கு அனுப்புகிறார். டெக்கிலிருந்து அட்டை எடுக்கும் எஃபெக்டை முடக்குவது ஆஷின் வேலை. சும்மா விடுவீர்களா? கால்ட் பை தி கிரேவ் என்ற க்விக்-ப்ளே ஸ்பெல்லைப் போட்டு, கிரேவ்யார்டில் போய் விழுந்த அந்த ஆஷையே குறிவைக்கிறீர்கள். எதிராளி தலையாட்டுகிறார், அவரிடம் வேறு பதில் இல்லை.

இப்போது மூன்று கண்ணிகள் கோத்த ஒரு செயின் கட்டப்பட்டிருக்கிறது. இதுவரை எந்த அட்டையும் எதையும் செய்யவில்லை என்பதைக் கவனியுங்கள். மூன்றும் இயக்கப்பட்டிருக்கின்றன, அவ்வளவுதான். இனிதான் அவை நிறைவேறப் போகின்றன, அதுவும் கடைசியிலிருந்து பின்னோக்கி. மூன்றாவது கண்ணியான கால்ட் பை தி கிரேவ் முதலில் நிறைவேறி, ஆஷை ஆட்டத்திலிருந்தே விலக்கி அதன் எஃபெக்டையும் முடக்குகிறது. இரண்டாவது கண்ணியான ஆஷுக்கு முறை வரும்போது அதன் எஃபெக்ட் செத்துப்போயிருக்கிறது, ஒன்றும் நடக்காது. முதல் கண்ணியான உங்கள் ஸ்பெல் தடையில்லாமல் நிறைவேறுகிறது, வாரியர் கைக்கு வருகிறார்.

இயக்குவது வேறு, நிறைவேறுவது வேறு. இந்த ஒரு வேறுபாடு மனதில் உட்கார்ந்துவிட்டால் மீதியெல்லாம் தானாக வந்து சேரும். உட்காராவிட்டால் எத்தனை வருடம் ஆடினாலும் குழப்பம் தீராது.

யார் எதற்குப் பதில் போடலாம் என்பதை ஸ்பெல் ஸ்பீடு தீர்மானிக்கிறது. சாதாரண ஸ்பெல்கள், உங்கள் முறையில் நீங்களாக இயக்கும் மான்ஸ்டர் எஃபெக்டுகள், ஒரு நிகழ்வால் தூண்டப்படும் ட்ரிகர் எஃபெக்டுகள் எல்லாம் ஸ்பீடு 1. இவற்றைக் கொண்டு பதில் போட முடியாது. க்விக்-ப்ளே ஸ்பெல், கவுன்டர் அல்லாத ட்ராப்கள், மான்ஸ்டர்களின் க்விக் எஃபெக்ட் ஆகியவை ஸ்பீடு 2. ஸ்பீடு 3-இல் கவுன்டர் ட்ராப் மட்டும்தான் இருக்கிறது. அதற்கு இன்னொரு கவுன்டர் ட்ராப்தான் பதில் சொல்ல முடியும். கூடவே இரண்டு சின்ன விதிகள்: ட்ராப்பைக் கவிழ்த்து வைத்த அதே முறையில் இயக்க முடியாது. க்விக்-ப்ளே ஸ்பெல்லைக் கையிலிருந்து நேரடியாகப் போடுவது உங்கள் முறையில் மட்டும்தான். எதிராளியின் முறையில் வேண்டுமென்றால் முன்கூட்டியே கவிழ்த்து வைத்திருக்க வேண்டும். இந்தப் பகுதியை மனப்பாடம் செய்தாலே போதும்.

மனப்பாடத்தால் ஆகாதது ஒன்று உண்டு. எது விலை, எது பலன் என்று பிரித்துப் பார்ப்பது.

பாட் ஆஃப் டிசையர்ஸ் என்ற அட்டையை எடுத்துக்கொள்வோம். டெக்கின் மேலிருந்து 10 அட்டைகளைக் கவிழ்த்தபடி ஆட்டத்திலிருந்து விலக்கிவிட்டு 2 அட்டை எடுத்துக்கொள்ள வேண்டும். ஆங்கில அட்டையில் அந்தப் பத்துக்கும் இந்த இரண்டுக்கும் நடுவே ஓர் அரைப்புள்ளி இருக்கிறது. அரைப்புள்ளிக்கு முன்னால் இருப்பதெல்லாம் இயக்கும்போதே நடந்துவிடும், பின்னால் இருப்பது நிறைவேறும்போதுதான் நடக்கும். அதனால் நீங்கள் பாட்டை இயக்க, எதிராளி ஆஷால் பதில் சொன்னால், உங்கள் 10 அட்டைகள் போனது போனதுதான். வரவேண்டிய 2 மட்டும் வராது. கொடுத்த விலை திரும்பாது. போட்டிகளில் இதைப் பார்க்கும்போதெல்லாம் எனக்கு வயிறு பிசையும். ஆனால் விதியைக் குறை சொல்ல மாட்டேன். பத்து அட்டையைப் பணயம் வைத்தவருக்கு அந்த ஆபத்து முன்பே தெரியும், அதைத் தெரிந்தே போடுவதில்தான் ஆட்டம் இருக்கிறது.

இங்கே இன்னொரு நுணுக்கம். எஃபெக்டை முடக்குவதும், இயக்கியதையே ரத்து செய்வதும் வேறுவேறு. ஆஷ் எஃபெக்டை மட்டும்தான் முடக்குகிறது, நீங்கள் பாட்டை இயக்கியது இயக்கியதுதான். ஒரு முறையில் ஒன்றுதான் இயக்கலாம் என்று அட்டையில் இருப்பதால், கையில் இன்னொரு பாட் இருந்தாலும் அன்றைக்குப் பயனில்லை. எதிராளி சாலம் ஜட்ஜ்மென்ட் என்ற அட்டையால் ரத்து செய்திருந்தாலோ, நீங்கள் பாட்டை இயக்கவே இல்லை என்று கணக்கு. கையில் இருக்கும் இரண்டாவது பாட்டை இயக்கலாம். போன 10 அட்டைகள் அப்போதும் போனவைதான், டெக்கில் இன்னொரு பத்துக்கு இடம் இருக்கிறதா என்பதை நீங்கள்தான் பார்த்துக்கொள்ள வேண்டும்.

அடுத்தது, புதியவர்கள் எல்லோரும் கேட்கும் கேள்வி. மிஸ்டிகல் ஸ்பேஸ் டைஃபூன் ஒரு ஸ்பெல்லையோ ட்ராப்பையோ அழிக்கும். எதிராளி மேஜையைத் துடைத்தெடுக்கும் டார்க் ஹோல் போடுகிறார், நீங்கள் உடனே டைஃபூனைப் போட்டு அந்த டார்க் ஹோலை அழிக்கிறீர்கள். உங்கள் மான்ஸ்டர்கள் பிழைத்தார்களா?

பிழைக்கவில்லை. அட்டையை அழித்தால் எஃபெக்ட் நின்றுவிடாது. டார்க் ஹோல் ஏற்கெனவே இயக்கப்பட்டுவிட்டது. மேஜையிலிருந்த காகிதத்தைத்தான் டைஃபூன் அழித்தது, செயினில் இருக்கும் கண்ணியை அது தொடவே இல்லை. டார்க் ஹோல் தன் பாட்டுக்கு நிறைவேறும். ஆனால் மேஜையில் தங்கியிருந்து வேலை செய்ய வேண்டிய அட்டைகளுக்கு இது பொருந்தாது. கால் ஆஃப் தி ஹான்டட் ஒரு கன்டின்யுவஸ் ட்ராப். கிரேவ்யார்டிலிருந்து ஒரு மான்ஸ்டரை எழுப்பி, தானும் மேஜையிலேயே இருக்கும். அதற்குப் பதிலாக டைஃபூனைப் போட்டால், நிறைவேற வேண்டிய நேரத்தில் அந்த ட்ராப் மேஜையில் இல்லை, மான்ஸ்டர் எழ மாட்டார். எக்விப் ஸ்பெல், ஃபீல்டு ஸ்பெல், கன்டின்யுவஸ் ஸ்பெல் எல்லாவற்றுக்கும் இதே கதை. டைஃபூன் எதையும் ரத்து செய்கிறது என்று நினைத்துக்கொண்டு ஆடுகிறவர்கள் உலகம் முழுக்க இருக்கிறார்கள். அந்த நம்பிக்கை எங்கிருந்து வருகிறது என்பதும் புரிகிறது. கால் ஆஃப் தி ஹான்டட்டை ஒருமுறை அப்படித் தடுத்துப் பார்த்தவர் அதையே பொதுவிதியாக எடுத்துக்கொள்கிறார்.

இந்த டைஃபூனுக்கு உண்மையிலேயே பொருத்தமான நேரம் எதுவென்று கேட்டால், நான் எதிராளியின் எண்ட் ஃபேஸைச் சொல்வேன். அவர் தன் முறையில் ஒரு அட்டையைக் கவிழ்த்து வைத்துவிட்டு முறையை முடிக்கிறார். உங்கள் டைஃபூன் முன்பே கவிழ்த்து வைக்கப்பட்டிருக்கிறது. அவருடைய எண்ட் ஃபேஸில் அதை இயக்கி, அவர் இப்போதுதான் வைத்த அட்டையைக் குறிவையுங்கள். அது ட்ராப்பாக இருந்தாலும் க்விக்-ப்ளேயாக இருந்தாலும், வைத்த முறையிலேயே இயக்க முடியாது என்பதால் அவரால் அதைக் கொண்டு பதில் சொல்ல முடியாது. உங்கள் முறை வரும்வரை காத்திருந்து போட்டால் அவர் அதையே செயினில் கோத்துவிடுவார். அதே டைஃபூன், அதே இலக்கு. சில நொடிகள் முன்பின் ஆனால் மதிப்பே மாறிவிடுகிறது.

இப்போது கொஞ்சம் பழைய கதை. இந்த ஆட்டம் கசுகி தகஹாஷி வரைந்த மங்காவிலிருந்து வந்தது. 1996-இல் ஷோனென் ஜம்ப் வார இதழில் தொடங்கிய அந்த மங்காவில் அட்டை விளையாட்டின் பெயர் மேஜிக் அண்ட் விசார்ட்ஸ். யாரை நினைவில் வைத்து அந்தப் பெயர் வைக்கப்பட்டது என்று சொல்ல வேண்டியதில்லை. ரிச்சர்டு கார்ஃபீல்டு உருவாக்கி, விசார்ட்ஸ் ஆஃப் தி கோஸ்ட் நிறுவனம் 1993-இல் வெளியிட்ட மேஜிக்: தி கேதரிங்தான் இந்த வகை விளையாட்டுகளுக்கெல்லாம் மூத்தது. நேர விதிச் சிக்கலை முதலில் சந்தித்ததும் அதுதான்.

மேஜிக்கின் ஆரம்ப ஆண்டுகளில் இன்ஸ்டன்ட் என்றும் இன்டரப்ட் என்றும் தனித்தனி வகைகள் இருந்தன. எது எதற்குள் புகலாம் என்று தெரிந்துகொள்வதே பெரிய வேலை. 1999-இல் வந்த ஆறாம் பதிப்பு அத்தனையையும் ஒதுக்கிவிட்டு ஸ்டாக் என்ற ஒரே முறையைக் கொண்டுவந்தது. கடைசியாக வைத்தது முதலில் நிறைவேறும். உதாரணம் எளிமையானது. உங்களிடம் 2/2 அளவுள்ள ஒரு கிரிஸ்லி பியர்ஸ் இருக்கிறது. எதிராளி 3 டேமேஜ் தரும் லைட்னிங் போல்ட்டை அதன்மேல் வீசுகிறார். பதிலுக்கு நீங்கள் ஜயன்ட் க்ரோத் போட, கரடி முதலில் 5/5 ஆகிறது, பிறகு போல்ட் வந்து விழுகிறது. கரடி பிழைத்தது. நீங்கள் அவசரப்பட்டு முதலில் ஜயன்ட் க்ரோத்தைப் போட்டிருந்தால், அவர் அதற்குப் பதிலாகப் போல்ட்டை வீசியிருப்பார், 2/2 கரடி அங்கேயே செத்திருக்கும், உங்கள் ஜயன்ட் க்ரோத்தும் வீண். முந்திப் போடுகிறவருக்கு இங்கே இழப்புதான். காத்திருப்பவரிடம்தான் தகவல் இருக்கிறது.

நேரத்தை மாற்றினால் அட்டையின் மதிப்பு மாறும் என்பதற்கு மேஜிக்கிலேயே தெளிவான சாட்சி உண்டு. 1997-இல் வந்த மாக் ஃபனாட்டிக் 1/1 அளவுள்ள சின்ன உருவம், தன்னையே பலி கொடுத்து 1 டேமேஜ் தரும். ஆறாம் பதிப்புக்குப் பிறகு சண்டை டேமேஜும் ஸ்டாக்கில் ஏறிக் காத்திருந்தது. அது ஏறியதும் ஃபனாட்டிக்கைப் பலி கொடுத்தால், சண்டையில் 1, பலியில் 1 என்று இரண்டு வேலை நடந்துவிடும். மேஜிக் 2010 பதிப்போடு, 2009-இல், சண்டை டேமேஜ் ஸ்டாக்கில் ஏறுவதை நீக்கினார்கள். அட்டையில் ஓர் எழுத்தும் மாறவில்லை. ஆனால் ஃபனாட்டிக்கை வைத்திருப்பவர் அதன்பிறகு சண்டையா பலியா என்று ஒன்றைத் தேர்ந்தெடுத்தாக வேண்டியதாயிற்று.

ஸ்டாக்குக்கும் செயினுக்கும் இடையில் ஒரு வேறுபாடு உண்டு, என் பார்வையில் யு-கி-ஓவின் குணம் முழுக்க அதிலிருந்துதான் பிறக்கிறது. மேஜிக்கில் ஸ்டாக்கின் மேலிருக்கும் ஒன்று நிறைவேறியதும் ஆட்டம் நின்று, மீண்டும் இருவருக்கும் வாய்ப்பு கொடுக்கிறது. அடியில் இன்னும் காத்திருப்பவற்றின் மேல் புதிதாக ஏற்றலாம். யு-கி-ஓவில் அது கிடையாது. இருவரும் போதும் என்று சொன்ன நொடியில் கதவு சாத்தப்படும். கடைசிக் கண்ணியிலிருந்து முதல் கண்ணிவரை எல்லாம் மளமளவென்று நிறைவேறி முடியும்வரை யாரும் எதையும் உள்ளே நுழைக்க முடியாது. நடுவில் ஒரு ட்ரிகர் எஃபெக்ட் தூண்டப்பட்டாலும் அது செயின் முடியும்வரை வாசலில் நிற்க வேண்டும்.

எனக்கு இந்த மூடிய செயின் மிகவும் பிடிக்கும். கட்டும்போதே முழுவதையும் மனதில் ஓட்டிப் பார்த்தாக வேண்டும், பாதியில் திருத்திக்கொள்ள வழியில்லை. இந்தக் கண்டிப்புக்கு ஒரு கசப்பான பிள்ளையும் உண்டு. அதன் பெயர் மிஸ்ஸிங் தி டைமிங்.

பீட்டன் தி டார்க் கிளவுன் என்ற சின்ன மான்ஸ்டர்தான் இதற்கு எல்லோரும் காட்டும் உதாரணம். அது கிரேவ்யார்டுக்கு அனுப்பப்படும்போது, விரும்பினால், தன்னை விலக்கிக்கொண்டு கையிலிருந்தோ டெக்கிலிருந்தோ இன்னொரு பீட்டனை இறக்கலாம். போரில் அழிந்தால் இறக்கலாம், டார்க் ஹோலில் அழிந்தாலும் இறக்கலாம். ஆனால் ஒரு பெரிய மான்ஸ்டரை இறக்குவதற்காக நீங்களே பீட்டனைப் பலி கொடுத்தால் இறக்க முடியாது. அப்போதும் அது கிரேவ்யார்டுக்குத்தானே போனது என்று கேட்பீர்கள். போனதுதான். ஆனால் அது போனபிறகு இன்னொன்று நடந்துவிட்டது, பெரிய மான்ஸ்டர் களத்தில் இறங்கிவிட்டார். பீட்டனை இயக்கும் வாய்ப்பு உங்களுக்குத் திரும்பி வரும்போது, கடைசியாக நடந்தது பலி அல்ல, இறக்கம். நேரம் கடந்துவிட்டது.

ஆங்கில அட்டையில் இதை முடிவு செய்வது இரண்டே சொற்கள். நிபந்தனை 'வென்' என்று தொடங்கி, எஃபெக்ட் 'யூ கேன்' என்று விருப்பத்துக்கு விடப்பட்டிருந்தால், அந்த நிகழ்வே கடைசியாக நடந்ததாக இருக்க வேண்டும், இல்லாவிட்டால் நேரம் தவறும். 'இஃப்' என்று தொடங்கினால் தவறாது, செயின் முடிந்தபிறகு நிதானமாக இயக்கலாம். விருப்பத்துக்கு விடாமல் கட்டாயம் என்றிருக்கும் எஃபெக்டும் எப்போதும் தவறாது. சாங்கன் என்ற மான்ஸ்டர் களத்திலிருந்து கிரேவ்யார்டுக்குப் போனால், விலையாகப் போனாலும் பலியாகப் போனாலும் செயினின் நடுவில் போனாலும், தன் தேடலை இயக்கியே தீரும்.

இதே காரணத்தால்தான் பலனைச் சொல்லும் வரிகளில் வரும் இணைப்புச் சொற்களையும் உற்றுப் பார்க்க வேண்டும். ஓர் அட்டை அழித்து, 'தென்' ஒரு அட்டை எடு என்றால், அழிப்பு முதலில், எடுப்பு பிறகு. அந்த அழிப்பில் போன பீட்டன் நேரம் தவறுகிறது. 'அண்ட் இஃப் யூ டூ' என்று இணைத்திருந்தால் இரண்டும் ஒரே நேரத்தில் நடந்ததாகக் கணக்கு, பீட்டன் வரலாம். இந்த மாதிரி ஒழுங்கான வாசகம் 2011-இல்தான், யு-கி-ஓவை வெளியிடும் கொனாமியின் ஆங்கில அட்டைகளில் வந்தது. அதற்கு முன்னால் அச்சான அட்டைகளில் விலை எங்கே முடிகிறது, பலன் எங்கே தொடங்குகிறது என்றே தெரியாது. அட்டைக்கு அட்டை தீர்ப்பைத் தேட வேண்டும். முக்காற்புள்ளிக்கு முன்னால் நிபந்தனை, அரைப்புள்ளிக்கு முன்னால் விலையும் குறியும், அதற்குப் பின்னால் பலன். இந்த ஒரு மாற்றம் நேர விதியை நிபுணர்களின் கையிலிருந்து எடுத்து அட்டை வாங்கும் பள்ளிப் பிள்ளையின் கையில் கொடுத்தது. யு-கி-ஓ வரலாற்றில் எந்த ஒரு அட்டையைவிடவும் பெரிய வரவு இதுவென்று சொல்வேன்.

மிஸ்ஸிங் தி டைமிங்கைப் பற்றி என் கருத்து: இந்த விதி தனக்குரிய கஷ்டத்தைத் திருப்பிக் கொடுப்பதில்லை. மூடிய செயின் ஆடுகிறவருக்கு யோசிக்க இடம் தருகிறது. பீட்டனின் நேரம் தவறுவது பெரும்பாலும் தெரியாதவரைத் தண்டிக்க மட்டுமே உதவுகிறது. புதிய அட்டைகளில் பெரும்பாலும் 'இஃப்' என்றே எழுதுகிறார்கள், அது நல்லது. ஆனாலும் பழைய அட்டைகள் உள்ளவரை இந்த விதியைத் தெரிந்துகொள்ளத்தான் வேண்டும். ஏனென்றால் அதை ஆயுதமாகத் திருப்பவும் முடியும். பாட்டம்லெஸ் ட்ராப் ஹோல், டொரென்ஷியல் ட்ரிப்யூட் என்ற இரண்டு ட்ராப்களுக்கும் மான்ஸ்டர் இறங்கியதே கடைசியாக நடந்ததாக இருக்க வேண்டும். செயினின் இரண்டாவது கண்ணியில் உங்கள் மான்ஸ்டரை இறக்கி, முதல் கண்ணியில் வேறு ஏதாவது நடக்கும்படி அமைத்தால், எதிராளி கவிழ்த்து வைத்திருக்கும் அந்த ட்ராப்கள் வெறுமனே பார்த்துக்கொண்டிருக்கும்.

செயினைக் கேடயமாக்கும் இன்னொரு வழியும் உண்டு. ஒரே நேரத்தில் பல ட்ரிகர்கள் தூண்டப்பட்டால் அவை ஒரே செயினில் ஏறும்: முறைக்காரரின் கட்டாய எஃபெக்டுகள், எதிராளியின் கட்டாய எஃபெக்டுகள், பிறகு முறைக்காரரின் விருப்ப எஃபெக்டுகள், கடைசியாக எதிராளியினுடையவை. உங்களுக்கு இரண்டு விருப்ப எஃபெக்டுகள் இருந்தால் எது முதலில் என்பது உங்கள் முடிவு. டெக்கிலிருந்து தேடும் எஃபெக்டை முதல் கண்ணியில் வையுங்கள், மற்றதை இரண்டாவதில். ஆஷ் தனக்கு நேர் முன்னால் இயக்கப்பட்டதற்கு மட்டும்தான் பதில் சொல்லும். அதன் கண்ணுக்குத் தெரிவது இரண்டாவது கண்ணி. தேடல் அதன் பின்னால் பத்திரமாக உட்கார்ந்திருக்கும். செயின் பிளாக்கிங் என்பார்கள். இதை முதன்முதலாகச் செய்து பார்க்கிறவரின் முகத்தில் வரும் வெளிச்சத்துக்காகவே நான் இதையெல்லாம் சொல்லிக்கொடுக்கிறேன்.

மான்ஸ்டர் இறங்கும் தருணத்தையும் கொஞ்சம் பிரித்துப் பார்க்கலாம். இறங்கப் போகிறார் என்பது ஒரு நேரம், இறங்கிவிட்டார் என்பது இன்னொன்று. சாலம் ஜட்ஜ்மென்ட் முதல் நேரத்தில் வருகிறது. பாதி லைஃப் பாயின்ட்டை விலையாகக் கொடுத்து இறக்கத்தையே ரத்து செய்கிறது, அந்த மான்ஸ்டர் களத்துக்கு வந்ததாகவே கணக்கில்லை, அதனால் இறங்கும்போது தூண்டப்படும் எஃபெக்டும் கிடையாது. பாட்டம்லெஸ் இரண்டாவது நேரத்தில் வருகிறது. மான்ஸ்டர் வந்துவிட்டார், அவருடைய ட்ரிகர் இயங்கலாம், கூடவே அவர் குழிக்குள்ளும் போகலாம். முன்பெல்லாம், மான்ஸ்டரை இறக்கிய கையோடு, எதிராளி பதில் சொல்வதற்கு முன்பே, அதன் ஸ்பீடு 1 எஃபெக்டை இயக்கும் உரிமை முறைக்காரருக்கு இருந்தது. பிறகு அதை எடுத்துவிட்டார்கள். இப்போது இறக்கத்துக்கு எதிராளி பதில் சொல்லி முடித்தபிறகு, மான்ஸ்டர் உயிரோடு இருந்தால்தான் அந்த எஃபெக்ட். பழைய வீடியோக்களைப் பார்த்துக் கற்கிறவர்கள் இந்த இடத்தில் தடுமாறுவார்கள்.

டேமேஜ் ஸ்டெப்பைப் பற்றித் தனிப் பதிவே எழுத வேண்டும், இங்கே தொட்டுவிட்டு மட்டும் போகிறேன். தாக்குதல் உறுதியானபின் வரும் அந்த ஐந்து சிறு கட்டங்களில் பெரும்பாலான அட்டைகளுக்கு அனுமதி இல்லை. கவுன்டர் ட்ராப், இயக்கத்தை ரத்து செய்பவை, தாக்கு வலிமையையோ தற்காப்பையோ நேரடியாக மாற்றுபவை, கட்டாய எஃபெக்டுகள், டேமேஜ் ஸ்டெப்பில் இயங்கும் என்று அட்டையிலேயே சொல்பவை, பெரும்பாலும் இவைதான் உள்ளே வரலாம். டைஃபூன் வர முடியாது. ஹானஸ்ட் என்ற மான்ஸ்டர் வரலாம், அது அங்கே வாழ்வதற்காகவே படைக்கப்பட்டது. கவிழ்ந்திருந்த மேன்-ஈட்டர் பக்கைத் தாக்கினால் அது இந்த ஸ்டெப்பில்தான் புரளும், அதன் எஃபெக்ட் டேமேஜ் கணக்கிட்ட பிறகுதான் இயங்கும்.

2022 ஜனவரியில் மாஸ்டர் டூயல் என்ற டிஜிட்டல் யு-கி-ஓ வந்தபிறகு இந்த விதிகளையெல்லாம் மென்பொருளே பார்த்துக்கொள்கிறது. கற்பதற்கு அதைவிட நல்ல இடம் இல்லை. ஒவ்வொரு இடைவெளியிலும் 'இதை இயக்குகிறாயா' என்று அதுவே கேட்கும். ஆனால் அந்தக் கேள்வி உங்களிடம் வரும்போது எதிராளியின் திரையில் ஆட்டம் ஒரு கணம் நிற்கிறது, உங்களிடம் ஏதோ இருக்கிறது என்று அவருக்குத் தெரிந்துபோகிறது. அதற்காகத்தான் ஆட்டோ, ஆன், ஆஃப் என்று ஒரு பொத்தான் வைத்திருக்கிறார்கள். தேவையில்லாத இடத்தில் ஆஃப் செய்து, தேவையான இடத்தில் திறப்பதும் இன்றைக்கு ஒரு திறமைதான். மேஜையில் ஆடும்போது உங்களுக்கு அந்தப் பொத்தான் இல்லை, எதிராளிக்கு அந்தத் தடயமும் இல்லை. அதற்குப் பதிலாக ஒரு நாகரிகம் இருக்கிறது. ஒவ்வொரு அட்டையை இயக்கியதும் "ஓகேயா?" என்று கேட்டு நிற்க வேண்டும். வேகமாக ஆடி எதிராளியின் இடைவெளியைத் தின்றுவிடுவது ஏமாற்று வேலை என்றே நான் கருதுகிறேன். கேட்கப்படுகிறவரும், கையில் ஒன்றும் இல்லாவிட்டால்கூட, ஒரு நொடி எடுத்துக்கொண்டு பதில் சொல்லப் பழகுவது நல்லது.

இவ்வளவு படித்தவர்களுக்கு ஒரு கணக்கு. உங்கள் களத்தில் பீட்டன் நிற்கிறது, டொரென்ஷியல் ட்ரிப்யூட் கவிழ்த்து வைக்கப்பட்டிருக்கிறது. எதிராளி எலிமென்டல் ஹீரோ ஸ்ட்ராடோஸை இறக்குகிறார். இறங்கும்போது டெக்கிலிருந்து ஒரு ஹீரோவைக் கைக்கு எடுக்கும் எஃபெக்டை அவர் இயக்குகிறார், அது முதல் கண்ணி. நீங்கள் டொரென்ஷியலை இரண்டாவது கண்ணியாகப் போட்டு, ஸ்ட்ராடோஸையும் பீட்டனையும் சேர்த்து அழிக்கிறீர்கள். இன்னொரு பீட்டனை இறக்க முடியுமா?

முடியாது. டொரென்ஷியல் முதலில் நிறைவேறி இருவரையும் கிரேவ்யார்டுக்கு அனுப்பிவிட்டது, ஸ்ட்ராடோஸ் அழிந்தாலும் அவர் இயக்கிய எஃபெக்ட் நிற்கவில்லை, அதன்பிறகு முதல் கண்ணி நிறைவேறி எதிராளியின் கைக்கு ஒரு அட்டை போனது. கடைசியாக நடந்தது அந்தத் தேடல். ஸ்ட்ராடோஸின் எஃபெக்டை இயக்கும் எண்ணம் எதிராளிக்கு இல்லாமல் இருந்து, நீங்கள் அவருடைய இறக்கத்துக்கு நேரடியாக டொரென்ஷியலை முதல் கண்ணியாகப் போட்டிருந்தால், பீட்டன் வந்திருக்கும்.